ஆடு வெளியே, ஆட்டோ உள்ளே

"ஆட்டுக்கு அன்னிக்கே விடுதலை, நைனா. என் ஆட்டோதான் இன்னும் ஸ்டேஷன்ல கீது."

சைதாப்பேட்டை நீதிமன்றம் அருகே ஏறி, மயிலாப்பூர் போகும் பேருந்தில் எனக்கு முன் இருக்கையில் உட்கார்ந்த காக்கிச் சட்டைக்காரர்தான் இப்படிச் சொன்னார். பக்கத்தில் இருந்தவர் பழைய சிநேகிதர் போலும். வெகுநாள் கழித்துப் பார்க்கிறார்.

"உன் ஆட்டோ இன்னா பண்ணுச்சு?"

"ஆதம்பாக்கத்துல ஒருத்தன் ஒரு ஆட்டைப் புடிச்சிக்கினு சவாரி ஏறினான். வீட்ல வளர்க்கிற ஆடுன்னான். வழியில போலீஸ் மடக்குச்சு. திருட்டு ஆடாம். ஸ்டேஷன்ல அதுக்கு யாரு தழை போடுறது? ஓனரைக் கூப்ட்டு அன்னிக்கே குடுத்தனுப்பிட்டாங்க. ஆட்டோ தழை கேக்காதே, அதனால வச்சிக்கினாங்க."

"கோர்ட்ல கேக்கலியா?"

"கேஸ் முடியிற வரைக்கும் வண்டி என்கிட்ட இருக்கட்டும்னு மனு போட்டு மூணு மாசம் நடந்தேன். இன்னிக்குத்தான் ஆர்டர் குடுத்தாங்க. கூப்ட்டப்போ கொண்டாரணுமாம், பெயிண்ட்ட மாத்தக் கூடாதாம். மழையில நின்னு பெயிண்ட்டே இல்ல. பேட்டரியும் இல்ல. பின் சீட்ல செடி மொளச்சு நிக்குது. அந்த ஆட்டையும் உள்ளயே வச்சிருந்தா மேய்ஞ்சிருக்கும்."

"திருடினவன்?"

"பதினஞ்சே நாள்ல ஜாமீன். இன்னிக்கு கோர்ட் வாசல்ல பாத்துட்டு, 'அண்ணே, வண்டி வந்துடுமாமே! அடுத்த வாய்தாவுக்கு நம்ம வண்டியிலயே வந்துடுறேன்'றான்."

"நீ இன்னா சொன்ன?"

"தனியா வர்றதா இருந்தா ஏறிக்கோன்னேன்."