தனிச் சமையல் அறையின் கதவு

முதல் குண்டு கடலில் விழுகிறது. நாங்கள் நீர்மட்டத்துக்குக் கீழே இருக்கிறோம். ஆகவே அது வெடிப்பாகக் கேட்கவில்லை. பெரிய சம்மட்டியால் கப்பலின் விலாவில் ஓங்கி அடித்ததுபோல் கேட்கிறது. விளக்குகள் ஆடுகின்றன. துரு தலையில் கொட்டுகிறது. இரண்டாவது அடி. முன்னதைவிட அருகில்.

கொல்லம் ஆண்டு 1116, அதாவது 1941. மேட மாதம். முற்பகல். இந்து மகா சமுத்திரத்தின் நடுவில், ஒரு ஜெர்மானியக் கப்பலின் அடித்தளத்தில் கைதிகளாக இருக்கிறோம். சுடுவது பிரிட்டிஷ் போர்க்கப்பல். உள்ளே நாங்கள் இருப்பது அதற்குத் தெரியாது.

என் கையில் வெண்கலப் பானை. பாதி தேய்த்தது. என் அண்ணா அனந்தராமன் இங்கே இல்லை. இந்தப் பெரிய அறைக்கு வெளியே ஒரு நடைவழி. அதன் கோடியில் ஓர் இரும்புக் கதவு. அவர் அதற்குப் பின்னால் இருக்கிறார்.

மூன்றாவது அடி. விளக்குகள் அணைகின்றன.

ஜெர்மானியக் கடற்படை என்றால் எங்கள் தலைமுறைக்கு எம்டன்தான். 1914இல் அது சென்னையில் எண்ணெய்த் தொட்டிகளை எரித்தபோது நான் தொட்டிலில் இருந்தேன். திருவனந்தபுரம் கோட்டைக்குள் எங்கள் தெருவில் அடங்காத பிள்ளைகளுக்கெல்லாம் அந்தப் பெயர் வைத்தார்கள். இரண்டாம் யுத்தத்தில் அவர்களுடைய பெரிய போர்க்கப்பல்கள் பெரும்பாலும் இவ்வளவு தூரம் வரவில்லை. வந்தவை சரக்குக் கப்பல் வேடமிட்டவை. பொய்க் கொடி. பொய்ப் பெயர். மடக்குத் தகடுகளுக்குப் பின்னால் பீரங்கிகள். அடியில், கடலில் விதைப்பதற்கான கண்ணிவெடிகள்.

அப்படி ஒன்றுதான் எங்களைப் பிடித்தது. மொம்பாசாவிலிருந்து கொச்சிக்கு வந்துகொண்டிருந்தோம். நான் அங்கே இந்தியப் பள்ளியில் கணிதம் கற்பித்தேன். அண்ணா ரயில்வேயில் உத்தியோகம் பார்த்தார். நடுநிலை நாட்டுக் கொடியோடு ஒரு கப்பல் அருகே வந்தது. அந்தக் கொடி இறங்கியது. வேறு கொடி ஏறியது. தகடுகள் விழுந்தன. எங்கள் கப்பலின் மூக்குக்கு முன்னால் ஒரே ஒரு குண்டு. பிறகு படகில் வந்து எல்லாரையும் ஏற்றிக்கொண்டார்கள். எங்கள் கப்பலுக்கு வெடி வைத்து மூழ்கடித்தார்கள். சாட்சி சொல்பவன் இதையும் சொல்ல வேண்டும்: எங்களை அவர்கள் அடிக்கவில்லை. காய்ச்சல் கண்டவனுக்கு மருந்து கொடுத்தார்கள்.

தொல்லை சாப்பாட்டில் வந்தது. எல்லாருக்கும் ஒரே கொப்பரை. அதில் மாமிசம். அண்ணா தண்ணீரை மட்டும் குடித்துக் கிடந்தார். பிறகு எழுந்து, காவல் அதிகாரியிடம் நல்ல ஆங்கிலத்தில் பேசினார். உயிர் போனாலும் அந்தக் கொப்பரையைத் தொட முடியாது. எங்களுக்கு ஓர் அடுப்பும் தனி இடமும் கிடைத்தால் யாருக்கும் பாரமாக இருக்க மாட்டோம் என்றார். அதிகாரி ஓர் இயந்திரக் கோளாற்றைக் கேட்பதுபோல் கவனமாகக் கேட்டார். மறுநாள் நடைவழிக் கோடியில் வண்ணப்பூச்சுச் சாமான் வைத்திருந்த அறையைக் காலி செய்து கொடுத்தார். எங்கள் கப்பலிலிருந்து எடுத்த அரிசி, துவரம்பருப்பு, புளி எல்லாம் வந்தன. சைவச் சாப்பாட்டுக்காரர் ஆறு பேர் அங்கே குடிபோனோம். வீட்டில் அடுப்பங்கரையை எட்டிப் பார்த்தறியாத அண்ணா ரசம் வைத்தார்.

எங்கள் கப்பலில் மாலுமியாக இருந்த, எங்கள் ஊர்ப்பக்கத்து விழிஞ்ஞத்துக்காரன் லாசர், பெரிய அறையிலிருந்து எட்டிப் பார்த்துச் சிரித்தான்.

"கப்பலு ஜெர்மன்காரனுக்கு. உள்ளே அக்ரகாரம் சாமிமாருக்கு. கொள்ளாம்!"

"லாசரே, வாயை அடக்கு. நோக்கும் ஒரு பிடி உண்டு" என்றார் அண்ணா.

அவனுக்கும் கொடுத்தார். எங்கள் தட்டில் அல்ல. தகர மூடியில் கொடுத்தார்.

அந்தக் கதவுக்கு வெளிப்புறம் நான்கு இரும்புப் பிடிகள். அபாயச் சங்கு ஊதினால் காவலாளி அவற்றைத் திருகிப் பூட்டிவிட்டுத் தன் பீரங்கிக்கு ஓட வேண்டும். அது விதி. கப்பல் மூழ்கும் நிலை வந்தால் பெரிய அறையின் மேல்மூடியைத் திறப்பதற்கென்று ஒருவன் இருந்தான். அதுவும் விதி. எங்கள் அறை இந்த விதிகளுக்குப் பிறகு உண்டானது. அதைத் திறப்பதற்கு யாரையும் நியமிக்கவில்லை. ஒழுங்கில் பெயர்பெற்றவர்கள் மறந்த காரியம் அது. நாங்களும் கேட்கவில்லை. இடம் கிடைத்த மகிழ்ச்சியில் இருந்தோம்.

அன்று பாத்திரம் தேய்க்கும் முறை எனக்கு. உப்புத் தண்ணீர்க் குழாய் பெரிய அறையில்தான் இருந்தது. சங்கு ஊதியபோது காவலாளி என்னைத் திரும்ப அழைத்துப் போகவில்லை. அங்கேயே விட்டு ஓடினான்.

இப்போது கப்பலே தூக்கிப் போடுகிறது. குண்டு விழுந்தது கடலில் அல்ல. எங்கள் மேல். இரும்பு கிழியும் ஓசை. நீண்ட ஓசை. புகை. மேல்மூடி திறக்கிறது. வெளிச்சம். "ராவ்ஸ்! ராவ்ஸ்!" என்று ஒரு ஜெர்மானியக் குரல் அலறுகிறது. வெளியே வா என்று அர்த்தம். ஒரே ஏணி. எல்லாரும் அதன்மேல் விழுகிறார்கள்.

பெரிய அறைக்கும் நடைவழிக்கும் இடையிலிருந்த தடுப்பு பிளந்து கிடந்தது. நான் அதன் வழியே நுழைந்தேன். கணுக்கால் வரை தண்ணீர். கதவைத் தடவிக் கண்டுபிடித்தேன். மேலே இரண்டு பிடிகளும் திரும்பின. கீழே இரண்டும் அசையவில்லை. சட்டம் வளைந்திருந்தது. உள்ளிருந்து தட்டினார்கள்.

"யாரு? கிச்சாவா?"

"ஆமாண்ணா. கீழ்ப்பிடி திரும்பல்லே."

"கம்பி ஏதாவது கிடக்கறதா பாரு."

லாசர் என் பின்னால் வந்திருந்தான். ஓர் இரும்புத் தண்டைக் கொண்டுவந்தான். இருவரும் சேர்ந்து நெம்பினோம். தண்டு வளைந்தது. பிடி வளையவில்லை. அதற்குள் தண்ணீர் என் முழங்காலைத் தாண்டிவிட்டது.

"இங்கே வெள்ளம் கேறிண்டிருக்கு" என்றார் அண்ணா. குரலில் பதற்றம் இல்லை. "இடுப்பு மட்டும் வந்தாச்சு. நீ மேலே போடா."

"போமாட்டேன்."

"அம்மாவுக்கு ஒருத்தனாவது வேண்டாமா? கேறுடா மேலே!"

உள்ளே யாரோ குஜராத்தியில் இறைவனை அழைத்தார். தட்டும் ஓசை வேகமாயிற்று.

"சாமீ! கப்பலு சாயுது! கேறும்! இப்பக் கேறும்!" லாசர் என் இடுப்பைப் பிடித்து இழுத்தான். நான் பிடியை விடவில்லை. அவன் என் விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்தான். ஏணியில் என்னைத் தோளில் போட்டுக்கொண்டு ஏறினான். கடலில் தள்ளினான். பின்னாலேயே குதித்தான்.

சற்று நேரத்தில் கண்ணிவெடிகள் வெடித்தன. அந்த ஓசையை நான் கேட்கவில்லை. மார்பில் வாங்கினேன். பிறகு எண்ணெய் படர்ந்த கடல் மட்டும் இருந்தது. சுட்ட கப்பலே எங்களைப் பொறுக்கி எடுத்தது.

மாதங்கள் கழித்துத் திருவனந்தபுரம் வந்து சேர்ந்தோம். லாசர் என்னோடு கிழக்கேகோட்டை வரை நடந்து வந்தான். வாசலில் நின்றுவிட்டான். "நான் இங்க நிக்கேன். நீரு போயிச் சொல்லும்." நான் உள்ளே போய்ச் சொன்னேன்.

அம்மா என் கையைப் பற்றிக்கொண்டார். மன்னி, அண்ணாவின் மனைவி, தூணைப் பிடித்துக்கொண்டு நின்றார். அவர்தான் கேட்டார்.

"அங்கே ஆகாரத்துக்கு என்ன பண்ணினா? கண்டதையும் சாப்பிட வேண்டி வந்துதோ?"

"இல்லே மன்னி. தனியா இடம் கேட்டு வாங்கினோம். தனியாச் சமைச்சோம்."

"யாரு சமைச்சா?"

"அண்ணாதான்."

"அவருக்கு அடுப்பு மூட்டவே தெரியாதே" என்றார். பிறகு அழுதார். கடைசிவரை ஆசாரம் கெடாமல் இருந்தார் என்று ஊரில் எல்லாரிடமும் சொன்னார். அந்த ஒன்றைப் பற்றிக்கொண்டு வாழ்ந்தார். அந்த அறையின் கதவைப் பற்றி நான் அவரிடம் பேசியதில்லை. மன்னி சென்ற ஆவணியில் காலமானார். இனி எழுதலாம்.

இழந்தவை இவை. எங்களை ஏற்றி வந்த சரக்குக் கப்பல். எங்களைப் பிடித்த ஜெர்மானியக் கப்பல். அதன் மாலுமிகளில் மிகப் பெரும்பாலோர். கதவைத் திருகிவிட்டு ஓடிய காவலாளி. அவன் பெயர் தெரியாது. பெரிய அறையில் ஏணியை எட்டாதவர்கள். அவர்கள் எத்தனை பேர் என்று யாரும் எனக்குச் சொல்லவில்லை. என் இடது காதின் செவிப்புலன்.

தனி அறையில்: ஜவுளி வியாபாரம் செய்த குஜராத்திச் சகோதரர் இருவர். பாலக்காட்டு குமாஸ்தா ஒருவர். படிப்பு முடிந்து ஊர் திரும்பிய ஜைன இளைஞன் ஒருவன். என் அண்ணா.

ஐந்து பேர். அன்று காலை சாப்பாடு முடிந்திருந்தது. ஒருவரும் பசியோடு இறக்கவில்லை.