தோளில் கிடந்த கை

– வாங்க எஸ்.ஐ. அம்மா! சேவு வாங்க வந்தீகளா, கடையச் சோதனை போட வந்தீகளா?

– கிண்டல் போதும் ஜெகதா. எண்ணெச் சட்டிய விட்டுத் தள்ளி நில்லு. கையில இருக்குற தழும்பு பத்தாதா?

– ஆமா பின்ன, எனக்குச் சட்டி, ஒனக்குத் தொப்பி. எஸ்.ஐ. பரிச்சையில வந்த அந்தக் கணக்கை ஒனக்குச் சொல்லிக்குடுத்தது யாருடி?

– நீதான்.

– ரெண்டு பேரும் ஒரே விடைதான் எழுதுனோம். அரை மார்க்குல ரெண்டு பேருக்கும் போச்சு. இப்ப பரிச்சை வச்சவுக விடைதான் தப்புன்னு கோர்ட்டு சொல்லி, கேசு போட்டவளுக்கு மட்டும் மார்க்கு! வயிறு எரியுது தங்கம், மறைக்க மாட்டேன்.

– கேளு புள்ள, கேசு போட மதுரைக்கு ஒன்னையும்தான கூப்பிட்டேன்? 'கவர்மெண்டை எதுத்து எவ ஜெயிச்சா'ன்னு சிரிச்ச.

– நீ தோத்துட்டு வருவன்னுல நெனச்சேன்!

– காலையில ஸ்டேஷனுக்குக் கூப்பிட்டாக. வேலைக்கு முன்னாடி நம்மளப் பத்தி விசாரிப்பாகள்ல, அதுக்கு. ஏட்டையா போன்ல ஒரு படம் காட்டுனாரு. போன கோடையில தண்ணி வரலன்னு கொடத்தோட ரோட்டுல உக்காந்தோமே, அந்த மறியல் படம். அதுக்குப் போலீசு போட்ட கேசுல எம்பேரு இல்ல, படத்துல மூஞ்சி இருக்கே. மேல எழுதி அனுப்பிட்டாரு. வேலை கெடைக்காதாம்.

– அடப்பாவமே. எவ குடுத்தாளோ!

– பேரு தெரியாத நம்பர்ல இருந்து வந்துச்சாம். நம்ம ரெண்டு பேரும் சேந்து எடுத்ததுல ஒரு பாதிய வெட்டிட்டாக.

– அதுக்கு என்னைய ஏன் அப்படிப் பாக்குற?

– நான் வந்தது வேற சேதிக்கு. எனக்கு மார்க்கு கெடச்ச அன்னைக்கே வக்கீலய்யாகிட்டச் சொன்னேன், அந்த விடை எழுதுன எல்லாத்துக்கும் கேளுங்கன்னு. திரும்ப மனுப் போட்டாரு. நேத்துப் புது லிஸ்டு வந்துருச்சு. இந்தா பாரு, ஒன் நம்பரு.

– எனக்கா? ஆத்தா... எனக்காடி?

– ஒனக்குத்தான்.

– தங்கம், நான் பாவிடி. அந்தப் படத்த...

– சொல்லாத. ஒன்னைய விசாரிக்கவும் அந்த ஏட்டையாதான் வருவாரு. படத்துல என் தோள் மேல தழும்போட ஒரு கை கெடக்கு. யாரு கைன்னு கேட்டாரு, தெரியாதுன்னுட்டேன். அவரு வார அன்னைக்கு முழுக்கைச் சுடிதார் போட்டுக்க.