மேசையில் வைத்த விதி

மார்த்தாண்டம் மேம்பாலத்தில் பேருந்து நெரிசலில் நின்றுவிட்டது. "சட்டசபையில மேசை உண்டா சாறே?" என்று பின்னிருக்கையில் ஒரு பெண் கேட்டபோதுதான் நான் காதைத் தீட்டிக்கொண்டேன். மீன் விற்றுத் திரும்புகிறவள். மடியில் காலி அலுமினியச் சருவம். பக்கத்தில் இருந்தவர் சட்டமன்ற அலுவலகத்தில் வேலை பார்த்து ஓய்வுபெற்றவர் என்பது பேச்சில் தெரிந்தது.

"உண்டு. துறைக்காரங்க எந்த விதி போட்டாலும் அந்த மேசையில கொண்டு வைக்கணும். சரியில்லைன்னா மெம்பர்மார் திருத்தலாம், தள்ளலாம்."

"தலைச்சுமட்டு மீனுக்கும் ஐஸ் பெட்டி வேணும், இல்லேன்னா மீனை அள்ளிட்டுப் போவோம்னு விதி போட்டாவளே, அதையும் வச்சாவளா?"

"வச்சாச்சு. நான்தான் கொண்டு வச்சேன்."

"யாரு எடுத்துப் பாத்தா?"

"அன்னைக்கு மேசை நிறையக் கட்டு. ஒருத்தரும் பிரிக்கல்ல. கெடு முடிஞ்சுது, விதி உறுதியாயிட்டு."

"நல்ல கூத்து! பெட்டியத் தலையில வச்சிட்டு நான் எந்த ஏத்தம் ஏறுவேன்? கடப்புறத்துல ஏலத்துக்கு ஒரு சூரை மீனப் போட்டா, கெட்டுப் போச்சான்னு செவுளத் தூக்கிப் பாக்காம ஒருத்தியும் விலை கேக்க மாட்டா சாறே."

"அது மீனுல்லா அக்கா, இது விதி."

"எனக்கு இதுவும் மீனுதான். கொண்டு வச்ச நீங்களாவது செவுளத் தூக்கிப் பாத்தியளா?"

பேருந்து இன்னும் அசையவில்லை. "எனக்கு எறங்குத இடம் வந்துட்டு" என்று அவர் பையைத் தூக்கிக்கொண்டு எழுந்தார்.

மேம்பாலத்தின் நடுவில் நிறுத்தம் ஏதும் கிடையாது.