கல்யாணம் செய்துகொள்ளாத உடன்படிக்கை

கோலார் முன்சீப் கோர்ட்டில், 1903-ஆம் வருஷம் ஜூலை மாதம் 9-ஆம் தேதி, வாதி தரப்பு முதல் சாட்சி தானே அனுமதி கேட்டுக் கொடுத்த கூடுதல் வாக்குமூலம்.

என் பெயர் லூயிசா. தகப்பனார் ஏசுபாதம், காலமாகிவிட்டார். வயது 35. கிறிஸ்தவள். விவாகம் ஆகாதவள். தங்கவயலில், ஆண்டர்சன்பேட்டைக்குப் பக்கத்தில், வெள்ளைக்காரத் துரைசானி அம்மாள் நடத்தும் பிரசவ விடுதியில் மருத்துவச்சி. விடுதியின் பின்கட்டு அறையில் தனியாகக் குடியிருக்கிறேன். எனக்குக் கன்னடத்தில் கடைக்குப் போகத் தெரியும், சத்தியம் செய்து பேசத் தெரியாது. ஆகையால் தமிழில் எழுதிக்கொள்ளும்படி கேட்டுக்கொண்டேன்.

இந்த வழக்கில் வாதி எங்கள் துரைசானி அம்மாள். பிரதிவாதி ஃப்ளோரா, என்னோடு வேலை பார்த்த இளைய மருத்துவச்சி. பத்து வருஷத்துக்குக் கல்யாணம் செய்துகொள்வதில்லை என்று எழுதிக் கொடுத்துவிட்டு, இரண்டாம் வருஷமே செய்துகொண்டாள் என்பது வழக்கு. மீதி எட்டு வருஷமும் தங்கவயலில் எந்த வீட்டிலும் அவள் பிரசவம் பார்க்கக் கூடாது என்று உத்தரவு கேட்டிருக்கிறார்கள். அந்த உத்தரவு வந்தால் அவளுக்குப் பிழைப்பு இல்லை.

நேற்று வாதியின் வக்கீல் என்னை விசாரித்தார். பத்திரத்தை ஃப்ளோராவுக்கு வாசித்துக் காட்டியவள் நான்தான் என்று சொன்னேன். அது நிஜம். அதே வாசகத்தில் நானும் கையெழுத்துப் போட்டுப் பத்து வருஷமும் அதன்படி நடந்தேன் என்று சொன்னேன். அதுவும் நிஜம். அதன் பிறகு, அப்படி இருந்ததில் உமக்கு ஏதாவது கஷ்டம் உண்டா என்று வக்கீல் கேட்டார். ஒன்றுமில்லை என்றேன். அது பொய். அதைத் திருத்தத்தான் இன்று வந்திருக்கிறேன்.

1890-ல் எனக்கு வயது 22. கல்யாணமான மருத்துவச்சி தன் பிள்ளைக்குக் காய்ச்சல் என்றால் அடுத்தவள் பிரசவத்தைப் பாதியில் விட்டுவிட்டு ஓடிவிடுவாள் என்பது துரைசானி அம்மாளின் அபிப்பிராயம். அதற்காக எழுதியதே அந்தப் பத்திரம். எங்கள் குடும்பத்தில் அதுவரை எல்லாரும் கைநாட்டு. நான் மிஷன் பள்ளிக்கூடத்தில் படித்தவள், பேனா பிடித்து முழுப் பெயரையும் எழுதினேன். எனக்கு அன்று பெருமையாக இருந்தது. கையெழுத்துப் போட்டால் போட்டதுதான் என்று எங்களுக்குச் சொல்லிக் கொடுத்திருந்தார்கள்.

அதன் பிறகு 1893-ல், சுரங்கத்துக்குள் பாறை சரியாதபடி மரம் கட்டும் வேலை பார்த்த ஒருவர் என்னைக் கல்யாணத்துக்குக் கேட்டார். அவர் பெயரை எழுத வேண்டாம் என்று கேட்டுக்கொண்டேன். அவருக்கு இப்போது மனைவி இருக்கிறாள், அவள் நல்லவள். பெயர் எழுதப்படவில்லை. நான் பத்திரத்தைச் சொன்னேன். அவர் விடுதி வாசலில் நின்றபடி, "இன்னா லூயிசா, அந்தக் காயிதத்தையா கட்டிக்கினு குடும்பம் பண்ணப் போற?" என்றார். இன்னும் ஏழு வருஷம் பொறுங்கள் என்றேன். மூன்று வருஷம் பொறுத்தார். ஞாயிற்றுக்கிழமை கோயில் விட்டதும் வாசல் வரைக்கும் கூட வருவார், உள்ளே வரமாட்டார். 1896-ல் அவருக்குக் கல்யாணம் ஆயிற்று. அதன் பிறகு அவர் மனைவிக்கு மூன்று பிரசவம் நான்தான் பார்த்தேன். மூன்றும் சுகப்பிரசவம்.

1900-ல் என் பத்து வருஷம் முடிந்தது. அது துரைசானி அம்மாளுக்கு ஞாபகம் இல்லை. நான் பெட்டியிலிருந்து பத்திரத்தின் நகலை எடுத்துத் தேதியைப் பார்த்துவிட்டுத் திரும்பவும் மடித்து வைத்தேன். அன்றைக்கும் வேலைக்குப் போனேன். வேறு எங்கே போவது என்று தெரியவில்லை.

அதன் பிறகு ஃப்ளோரா வந்து சேர்ந்தாள். கையெழுத்துப் போடுமுன் தயங்கினாள். நான் இருக்கவில்லையா, நீயும் இருக்கலாம் என்று நான்தான் சொன்னேன். இந்த வருஷம் பிப்ரவரியில் ஒரு திங்கட்கிழமை, துணி காயப்போட்டுக்கொண்டிருந்தபோது என்னிடம் வந்து, "அக்கா, நேத்து பூதிகோட்டைல எங்க பெரியம்மா வூட்ல எனக்கும் ஏனோக்குக்கும் கல்யாணம் ஆயிட்ச்சி. தொரசானிகிட்ட சொல்லிடாதீங்க" என்றாள். ஏனோக் என்பவர் சுரங்கத்தில் ஆட்கள் ஏறிப்போகும் கேஜ் கூண்டை இறக்கும் இன்ஜினுக்குக் கரி போடுகிறவர். அவள் சிரித்துக்கொண்டே சொன்னாள். மறுநாள் காலையில் நான் துரைசானி அம்மாளிடம் சொல்லிவிட்டேன். கடமை என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். கடமை இல்லை, வயிற்றெரிச்சல்.

நேற்று என் விசாரணை முடிந்த பிறகு, ஃப்ளோராவின் வக்கீல் 1872-ஆம் வருஷத்து ஒப்பந்தச் சட்டத்தின் 26-ஆம் பிரிவை வாசித்தார். மைனர் அல்லாத எவருடைய விவாகத்தையும் தடுக்கும் எந்த உடன்படிக்கையும் செல்லாது என்று அதில் இருக்கிறது. அதற்கு வாதியின் வக்கீல், சீமைச் சட்டத்தில் நியாயமான காலத்துக்குத் தடை போட்டால் ஒப்புக்கொள்வார்கள், பத்து வருஷம் நியாயமான காலமே என்று வாதாடினார். இந்த தேசத்துக்குச் சட்டம் எழுதினவர்கள் அந்த விலக்கை எழுதவில்லை, எந்த உடன்படிக்கையும் என்றால் எந்த உடன்படிக்கையும்தான் என்று நீதிபதி அவர்கள் சொன்னார்கள். நான் பெஞ்சில் உட்கார்ந்து கேட்டுக்கொண்டிருந்தேன். நான் கையெழுத்துப் போட்ட அன்றைக்கு அந்தச் சட்டத்துக்கு வயது பதினெட்டு. எனக்கு யாரும் சொல்லவில்லை. நானும் யாரையும் கேட்கவில்லை.

அதன் பிறகு வெளியே ஃப்ளோரா என்னிடம் வந்து, "பரவால்ல அக்கா, வுடுங்க. ஊருக்குப் போலாம், எங்க வண்டில வாங்க" என்றாள். வண்டியில் ஏனோக் இருந்தார். நான் போகவில்லை. கோலாரிலேயே கோயில் சத்திரத்தில் தங்கி, இன்று கோர்ட் திறந்ததும் வந்தேன்.

ஆகவே எனக்குக் கஷ்டம் ஏதாவது உண்டா என்ற கேள்விக்கு, உண்டு என்று பதில் சொல்கிறேன். அது இன்னதென்று மேலே சொல்லியிருக்கிறேன். ஃப்ளோராவைக் காட்டிக்கொடுத்தவள் நான் என்பதும் பதிவாக வேண்டும்.

வேறு ஏதாவது சொல்ல வேண்டுமா என்று நீதிபதி அவர்கள் கேட்டார்கள். அந்த உடன்படிக்கை முதல் நாளே செல்லாது என்றால், அதற்காக நான் இருந்த பத்து வருஷம் என்ன ஆகும் என்று கேட்டேன். நீதிபதி அவர்கள் பேனாவைக் கீழே வைத்துவிட்டு, அம்மா, அந்தக் கேள்வி இந்த வழக்கில் எழவில்லை என்றார்கள். கேள்வியை மட்டுமாவது எழுதிக்கொள்ளும்படி கேட்டேன். எழுதிக்கொள்ளப்பட்டது.

மேலே கண்டதெல்லாம் எனக்குத் தமிழில் வாசித்துக் காட்டப்பட்டது. வாங்கி நானும் ஒருமுறை வாசித்தேன். எல்லாம் நான் சொன்னபடியே இருக்கிறது, உண்மை. யாரும் சொல்லச் சொல்லிச் சொல்லவில்லை.

(ஒப்பம்) லூயிசா