மாப்பிள்ளையை நடக்கவிட்டவர்

கோவையிலிருந்து ஈரோடு போகும் பேருந்தில் என் முன்சீட்டில் இரண்டு பேர். ஒருவர் பந்தயக் குதிரைகளை வளர்த்துப் பழக்குகிறவர், மற்றவர் அவர் மகளுக்கு வரன் கொண்டுவந்த தரகர் என்பது பேச்சிலேயே தெரிந்துவிட்டது.

"மாப்பிள்ளைப் பையனை நடந்து காட்டச் சொன்னது ஒரு குத்தமுங்களா?" என்று குதிரைக்காரர் கேட்டதும் என் தூக்கம் போயிற்று.

"அதோட உட்டீங்களா? இடது முட்டியில ஏதோ கோளாறுன்னீங்க. அவங்கம்மாகிட்டயே, 'மூத்த பையன் ஏதாச்சும் ஜெயிச்சிருக்கானுங்களா'ன்னு கேட்டுப்போட்டீங்களே."

"குட்டி வாங்கறப்ப, தாய் முன்னால போட்ட குட்டி எப்படி ஓடுச்சுன்னுதானுங்க மொதல்ல கேப்போம். முப்பது வருசப் பழக்கம், வாயில வந்துபோச்சு."

"காப்பிகூடக் குடிக்காம எந்திரிச்சுப் போயிட்டாங்க."

"எம்புள்ளைய அவங்க நடக்கச் சொன்னாங்களே, அது?"

"அது வழக்கமுங்க."

குதிரைக்காரர் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டார். "சரி, வீரியத்தைவிடக் காரியந்தானுங்க பெருசு. ஈரோட்டுல அவங்க வீட்டுக்குப் போனதும் மன்னிப்புக் கேட்டுப்போடறேன். புள்ளைக்கு அந்தப் பையனைப் புடிச்சிருக்குது."

பெருந்துறை தாண்டியதும் தரகருக்கு மாப்பிள்ளையின் அம்மா போன் செய்தார். "சரிங்க, சரிங்க" என்று கேட்டுவிட்டு வைத்தார் தரகர்.

"வர வேண்டாங்கறாங்களா?"

"வரச் சொல்றாங்க. நீங்க சந்தேகப்பட்ட இடது முட்டிய டாக்டர்கிட்டக் காட்டுனாங்களாம். தேய்மானம் இருக்குதாம்."

"கண்ணாலத்துக்கு அது தடையில்லீங்க. பந்தயத்துலயா ஓடப்போறாரு?"

"அதில்லீங்க. அவங்க பொண்ணைப் பாக்க இன்னைக்கு ஒரு மாப்பிள்ளை வாரானாம். நீங்க அவனை நடக்கவுட்டுப் பாத்துச் சொன்னப்புறந்தான் நம்ம கண்ணாலத்துக்குத் தேதி வைப்பாங்களாம்."