ஷூட்டிங்கில் நடந்த நிக்காஹ்

ஹலோ... ஹலோ, கல்சூம்? நான்தான்... ஷா ஆலம்லேர்ந்துதான், ஷூட்டிங் வீட்டு வாசல்லேர்ந்து பேசுறேன்... இல்ல இல்ல, சுர்யாத்திக்கு ஒண்ணும் ஆகல. நம்ம பொண்ணு நல்லாத்தான் இருக்கா... நீ மொதல்ல அடுப்ப அணைச்சுட்டு உக்காரு... உக்காருன்னா உக்காரேன்!

நாடகத்துல இன்னிக்கு நிக்காஹ் சீன்... ஆமா, ஆமா, நம்ம பொண்ணுதான் கல்யாணப் பொண்ணு, அந்த இஸ்வான்தான் மாப்பிள்ளை. பைக்ல பறக்குற ரவுடி வேஷம்... வேஷமென்ன, நெஜத்துலயும் அதே லட்சணந்தான்... கேளு. பொண்ணுக்கு அப்பாவா நடிக்கிறவருக்கு டெங்குவாம், வரல. டைரக்டரம்மா என்னப் புடிச்சுக்கிட்டாங்க. 'பாக்சிக், பெரியவரே, தொப்பி போட்டு உக்காந்து ஒரே ஒரு வரி சொல்லிடுங்க'ன்னு... நான் எங்க ஆசப்பட்டேன்? காவலுக்குத்தானே வந்தேன்! போன மாசம் அப்பன் நான் சம்மதிக்காமலே அவன்கூட நிக்காஹ் பண்ணிக்க, சயாம் எல்லைக்கு பஸ் ஏறுனவளாச்சே அவ. பஸ்லேர்ந்து எறக்குனது யாரு, நீயா நானா?... அப்புறம் என்ன!

சரி, சரி. சொல்றேன்... அவன் கையப் புடிச்சேன். சீன்ல பொண்ணு பேரு மெலாத்தி. 'மெலாத்திய உனக்கு நிக்காஹ் செஞ்சு குடுத்தேன்'னுதான் சொல்லணும். காகிதத்துல எழுதியே குடுத்தாங்க... இல்ல. சொல்லல... நம்ம மக பேரச் சொல்லிட்டேன். என் பேரோட சேத்து முழுப் பேரும். சுர்யாத்தி பிந்தி ஜமாலுதீன்னு... வாயில வந்துருச்சு கல்சூம்!

அவனா? அவன் சும்மா இருப்பானா? அதே பேரச் சொல்லி ஏத்துக்கிட்டேன்னுட்டான், ஒரே மூச்சுல. காலையிலேர்ந்து ஆறு ஒத்திகையில தடுமாறுன பய!... சாட்சியும்தான். ரெண்டு பேரு. அதுல ஒருத்தர் பக்கத்துப் பள்ளிவாசல்ல பாங்கு சொல்ற மோதினார், ஆளு பத்தலன்னு கூட்டிட்டு வந்தது. அவருதான் மூஞ்சி வெளுத்து எந்திரிச்சாரு. வெளையாட்டுக்குச் சொன்னாலும் நிக்காஹ் நிக்காஹ்தாங்கிறாரு... கத்தாத. கத்தாதன்னேன்ல! டைரக்டரம்மா 'இன்னொரு தடவ எடுக்கலாம்'ங்கிறாங்க, ஒருத்தனும் அசைய மாட்டேங்குறான்.

ம்... ம்... மார்க்கம் தெரிஞ்ச நம்ம உஸ்தாதுக்கு போன் போட்டுட்டேன். அவரு ஒண்ணே ஒண்ணுதான் கேட்டாரு. 'சொல்லும்போது நீங்க நடிச்சீங்களா, குடுத்தீங்களா? அதத் தெரிஞ்சுக்கிட்டுத்தான் மத இலாகாவுக்குப் போகணும்'னாரு... ஆமா. நடிச்சேன்னு சொன்னா நம்ம பொண்ணு நம்ம வீட்டுக்கு வந்துருவா. தெரியும்... தெரியும்னேன்ல... இன்னும் பதில் சொல்லல. யோசிச்சுட்டுக் கூப்பிடுங்கன்னாரு.

அவளா? மருதாணிக் கைய மடியில வச்சுக்கிட்டு உக்காந்துருக்கா. அழல. 'நடிச்சேன்னு சொன்னீங்கன்னா நான் நம்புறேன் அப்பா, இனி பஸ்ஸெல்லாம் ஏறமாட்டேன்'ங்கிறா... அவ்வளவுதான் சொன்னா. சண்ட போட்டிருந்தா எனக்குச் சுலபமா இருந்திருக்கும்.

சொல்லிடவா?... அவ்வளவு லேசாச் சொல்லிட்ட! நீ அங்க இல்லியே... அவன் கை சில்லுன்னு இருந்துச்சு கல்சூம். நிமிந்து என்னப் பாத்தான். இத்தன நாளு அவன் பைக்கத்தான் பாத்து ஏசியிருக்கேன், மூஞ்சிய ஒருநாளும் சரியாப் பாத்ததில்ல... காமிரா, லைட்டு, காகிதம், எல்லாம் மறந்து போச்சு...

இல்ல, வாய் தவறல. உனக்கு மொதல்ல சொன்னது பொய்... குடுத்துட்டேன். அந்த நேரத்துல நான் நெசமாவே குடுத்துட்டேன்...

இரு, உஸ்தாதே கூப்பிடுறாரு... ஆமா, அதத்தான் சொல்லப்போறேன்... ஏசுறதுன்னா வீட்டுக்கு வந்ததும் ஏசு. வைக்கிறேன்.