டிரம்முக்குள் குடியேறியவன்

குக்கர் விசிலடித்த அதே நொடியில் வாசலில் ஜீப் வந்து நின்றது. அடுப்பை அணைத்துவிட்டுத்தான் கதவைத் திறந்தேன். பருப்பு குழைந்துபோனால் எனக்குப் பிடிக்காது. இன்ஸ்பெக்டர் பூர்ணிமா மேடம், எடுத்து வைத்திருந்த இரண்டு தட்டுகளைப் பார்த்து, யாராவது வருகிறார்களா என்று கேட்டார். இல்லை, பழக்கம் என்றேன்.

யாசிரால் வந்த பழக்கம். ஆம்பூரில் நான் வேலை பார்த்த, தோல் பதனிடும் டேனரிக்கு ஞாயிற்றுக்கிழமை விடுமுறை. சாவி என்னிடம் இருக்கும். அங்கே குறும்படம் எடுக்க வேண்டும் என்று வந்தான். ஏதோ பழைய அபத்தக் கதையாம். ஒருவன் பீப்பாய்க்குள் குடியேறிவிடுகிறான். வெளியே வா என்று கடைசிவரை யாரும் அவனைக் கூப்பிடுவதில்லை. பீப்பாய்க்குப் பதில், தோலைப் போட்டுச் சுழற்றும் எங்கள் மர டிரம். நடிப்பும் அவன்தான், கேமராவும் அவன்தான். கதையைக் கேட்டவர்கள் சிரித்தார்கள். எனக்கு உடனே புரிந்தது.

வாராவாரம் இருவருக்கும் சமைத்து எடுத்துப் போனேன். "ஆதிண்ணா, உன் சாம்பாருக்காகவே ரெண்டாம் பாகம் எடுக்கலாம்" என்பான். ஆதிகேசவன் என்ற என்னை வேறு யாரும் அண்ணா என்று கூப்பிட்டதில்லை.

கடைசி ஞாயிறன்று சாப்பிட்டுக் கை கழுவும்போது சொன்னான். "இன்னியோட ஷூட்டிங் முடியுதுண்ணா. நாளைக்கு சென்னை. இனி அங்கதான்."

"அப்போ ஞாயித்துக்கிழமை?"

"நல்லா தூங்குண்ணா." சிரித்துக்கொண்டே கேமராவில் எதையோ அமுக்கிவிட்டு டிரம்முக்குள் இறங்கினான்.

எங்கள் தொழிலில் ஒரு வழக்கம் உண்டு. டிரம்மை ஓடவிடுமுன் வெளியிலிருந்து உள்ளங்கையால் தட்ட வேண்டும். உள்ளே கழுவுகிற ஆள் இருந்தால் திருப்பித் தட்டுவான். பதில் வராவிட்டால்தான் சுவிட்ச். அவன் கிளம்பிவிட்டான் என்று நினைத்தேன், மறுநாள் வேலைக்காக டிரம்மை ஓட்டிப் பார்க்கத் தட்டினேன், பதில் இல்லை என்று அப்போது போலீஸிடம் சொன்னேன். விபத்து என்று முடித்தார்கள். அவனுடைய கேமராவைப் பையில் போட்டு அவன் அம்மா அக்தரி பேகத்திடம் நானே கொடுத்தேன். அன்று அது ஓடிக்கொண்டிருந்தது எனக்குத் தெரியாது. அந்த அம்மா பையைத் திறக்கவே இல்லை.

அவர் காலமான பிறகு, மகள் முபஷ்ஷிரா பீரோவிலிருந்து அதை எடுத்திருக்கிறாள். அண்ணன் படத்தை நாலு பேருக்குப் போட்டுக் காட்ட ஆசை.

மேடம் கைப்பேசியில் கடைசிக் காட்சியைக் காட்டினார். படம் நன்றாகத்தான் வந்திருக்கிறது. டிரம்மின் பக்கத்தில் கதையில் இல்லாத நான். மூடியை இறுக்குகிறேன். தட்டுகிறேன். உள்ளேயிருந்து பதில் தெளிவாக வருகிறது.

"அவன் தட்டுனது உங்களுக்குக் கேக்கலையா?"

"கேட்டுச்சு மேடம். உள்ளதான் இருக்கான்னு தெரிஞ்சப்புறம்தானே சுவிட்ச் போட்டேன்."